குடிபெயர்வு, குடியுரிமை, மனித உரிமை: யாழ்ப்பாணத்திலிருந்து படிக்க வருவோர் கேட்கும் கேள்விகள்

இந்தத் துறையைப் படிக்கலாமா, எப்படிப் படிப்பது என்று கேட்டு வருவோர் பல வகையினர்: பல்கலைக்கழக மாணவர்கள், உயர்தர வகுப்பு ஆசிரியர்கள், ஓய்வுபெற்ற பிறகு தம் குடும்பக் கதையை எழுத உட்காருபவர்கள். அவர்களுக்குச் சொல்லிவந்த பதில்களை ஒரே இடத்தில் எழுதிவைக்கிறேன். சொந்த வழக்குக்கு வழி தேடுபவர்கள் ஒரு சட்டத்தரணியிடம் போவதே நல்லது. இங்கே இருப்பது படிப்பதற்கான வழி மட்டும்.

இது சட்டப் படிப்பா, சமூகவியலா, வரலாறா?

மூன்றும்தான். ஒரு குடும்பம் ஊரை விட்டுப் போனால், வரலாற்றாசிரியர் எந்த ஆண்டு என்று கேட்பார். மானிடவியலாளர் அந்த வீட்டுக் குசினியில் உட்கார்ந்து யார் யாருக்குக் காசு அனுப்புகிறார்கள் என்று கேட்பார். சட்டம் படித்தவர் கையில் என்ன ஆவணம் இருக்கிறது என்று கேட்பார். புதிதாக வருபவர்களை இந்த மூன்றாவது கேள்வியில் தொடங்கச் சொல்வேன். பிறப்பத்தாட்சி, தேசிய அடையாள அட்டை, காணி உறுதி, கடவுச்சீட்டு ஆகிய நான்கும் யாரிடம் இருந்தன, யாரிடம் இருக்கவில்லை, எந்த அலுவலகம் அவற்றைக் கொடுத்தது அல்லது மறுத்தது என்று தேடப் புறப்பட்டாலே துறையின் பாதி பிடிபட்டுவிடும்.

யாழ்ப்பாணத்தில் எல்லா வீட்டிலும் வெளிநாட்டில் ஒருவர் இருக்கிறார். எங்களுக்குத் தெரியாத எதை ஆய்வு சொல்லப்போகிறது?

எல்லா வீட்டிலும் இல்லை. அதுதான் முதல் பாடம்.

வெளியே போவதற்குக் காசு வேண்டும். காசு இல்லாவிட்டால் ஈடு வைக்கக் காணி வேண்டும், காணியும் இல்லாவிட்டால் ஏற்கனவே போய்ச்சேர்ந்த ஒரு சகோதரர் வேண்டும். பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியிலிருந்து மலாயாவுக்குப் புகையிரத வேலைக்கும் எழுதுவினைஞர் வேலைக்கும் போனவர்கள் பெரும்பாலும் ஆங்கிலப் பாடசாலையில் படிக்க வசதி பெற்றவர்கள். அவர்கள் அனுப்பிய பணத்தில் கல்வீடுகளும் கோயில்களும் எழுந்தன. 1983க்குப் பிறகு ஐரோப்பாவுக்கும் கனடாவுக்கும் போனவர்களின் பட்டியல் மிக அகலமானது. ஆனாலும் அது முழு ஊரின் பட்டியல் அல்ல.

வலிகாமம் வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்டு, போர் முடிந்து பல ஆண்டுகளுக்குப் பிறகும் மல்லாகத்திலும் சுன்னாகத்திலும் நலன்புரி முகாம்களில் கிடந்தவர்கள் யார் என்று பாருங்கள். சொந்தக் காணி இல்லாதவர்களும் ஒடுக்கப்பட்ட சாதியினரும் கடற்றொழிலாளர் குடும்பங்களும்தான் கடைசிவரை எஞ்சியவர்களில் அதிகம். மற்றவர்கள் வாடகை வீட்டுக்கோ, உறவினர் வீட்டுக்கோ, கொழும்புக்கோ, வெளிநாட்டுக்கோ போய்விட்டார்கள். போனவர்களைப் பற்றி நிறைய எழுதப்பட்டிருக்கிறது. அசைய முடியாதவர்களைப் பற்றிக் குறைவு. அசைய முடியாமையும் குடிபெயர்வு ஆய்வின் பொருள்தான்.

வாசிப்பை எங்கிருந்து தொடங்குவது? 1983இலிருந்தா?

1948இலிருந்து. யாழ்ப்பாணத்தில் பலருக்கு இந்தப் பதில் பிடிப்பதில்லை.

1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்க இலங்கைப் பிரசாவுரிமைச் சட்டம், அதாவது குடியுரிமைச் சட்டம், அந்த ஆண்டு நவம்பர் 15 அன்று நடைமுறைக்கு வந்தது. ஒவ்வொருவருக்கும் ஒரு தேசியத்துக்கு உரிமை உண்டு என்று 15ஆம் உறுப்புரையில் சொல்லும் உலக மனித உரிமைப் பிரகடனம் அதே ஆண்டு டிசெம்பர் 10 அன்று பாரிஸில் நிறைவேறியது. இடையில் ஒரு மாதம்கூட இல்லை.

அந்தச் சட்டம் நேரடியாக எந்த இனத்தின் பெயரையும் சொல்லவில்லை. இலங்கையில் பிறந்திருந்தால் மட்டும் போதாது, தந்தையும் இலங்கையில் பிறந்திருக்க வேண்டும், அல்லது தந்தைவழிப் பாட்டனும் பூட்டனும் இங்கே பிறந்திருக்க வேண்டும் என்று மட்டும் சொன்னது. கண்டி, நுவரெலியா, பதுளைத் தோட்டங்களில் லயன் அறைகளில் பிறந்த ஒருவர் தன் தந்தையின் பிறப்பத்தாட்சியை எங்கே போய்த் தேடுவார்? பிறப்புப் பதிவே ஒழுங்காக நடக்காத காலத்தில் பிறந்தவர்களிடம் பிறப்புப் பதிவைக் கேட்டது சட்டம். ஏறத்தாழ ஏழு இலட்சம் இந்திய வம்சாவளி மலையகத் தமிழர் நாடற்றவர் ஆனார்கள். 1949இல் இந்திய பாகிஸ்தானிய வதிவாளர் சட்டம் விண்ணப்பம் என்ற ஒரு குறுகிய வாசலைத் திறந்தது. அதே ஆண்டின் தேர்தல் திருத்தச் சட்டம் பிரசை அல்லாதவரின் வாக்கைப் பறித்தது. 1947இல் நாடாளுமன்றத்துக்கு உறுப்பினர்களை அனுப்பிய இலங்கை இந்தியக் காங்கிரஸ் 1952இல் ஒருவரையும் அனுப்ப முடியவில்லை.

இதை எதிர்த்து வழக்கு நடந்தது. எந்தச் சமூகத்துக்கும் மற்றச் சமூகத்துக்கு இல்லாத கட்டுப்பாட்டை விதிக்கக்கூடாது என்று அன்று நடைமுறையிலிருந்த சோல்பரி அரசியலமைப்பின் 29(2)ஆம் பிரிவு சொன்னது. கொடக்கன்பிள்ளை எதிர் முதன்நாயக்க என்ற அந்த வழக்கில் அன்று இலங்கையின் இறுதி மேன்முறையீட்டு நீதிமன்றமாக இருந்த இலண்டன் பிரிவி கவுன்சில் 1953இல் அளித்த தீர்ப்பு, தன் பிரசைகள் யார் என்று தீர்மானிப்பது சட்டமன்றத்தின் உரிமை என்று சட்டத்தைக் காப்பாற்றியது. குடியுரிமை பற்றிப் படிக்க விரும்புபவர் வேறு எதையும் வாசிக்காவிட்டாலும் இந்தத் தீர்ப்பை வாசிக்க வேண்டும். வார்த்தையில் சமத்துவம் பேசுகிற சட்டம் விளைவில் ஒரு சமூகத்தை மட்டும் வெட்டுவது எப்படி என்பதற்கு இதைவிடத் தெளிவான பாடம் கிடைப்பது கடினம்.

ஜெர்மனியிலிருந்து தப்பிப் பல ஆண்டுகள் நாடற்றவராக இருந்த ஹன்னா ஆரெண்ட், உரிமைகளைப் பெறுவதற்கே ஓர் உரிமை வேண்டும் என்று எழுதினார். எங்கள் மாணவர் அதை மனப்பாடமாகச் சொல்கிறார்கள். அவர் அதை எழுதிக்கொண்டிருந்த ஆண்டுகளில் மலையகத்து ஹற்றனில் என்ன நடந்துகொண்டிருந்தது என்று கேட்டால் மௌனம்.

அது மலையகத்தின் கதை. யாழ்ப்பாணத்துக்கு அதில் என்ன?

1948 ஓகஸ்டில் பிரசாவுரிமைச் சட்டமூலம் வந்தபோது அகில இலங்கைத் தமிழ்க் காங்கிரஸ் எதிர்த்து வாக்களித்தது. சில வாரங்களில் அதன் தலைவர் ஜீ.ஜீ. பொன்னம்பலம் டி.எஸ். சேனாநாயக்காவின் அமைச்சரவையில் சேர்ந்தார். அடுத்து வந்த இந்திய பாகிஸ்தானிய வதிவாளர் சட்டமூலத்தை அவர் ஆதரித்தார். எஸ்.ஜே.வி. செல்வநாயகமும் அவரோடு நின்றவர்களும் பிரிந்து 1949 டிசெம்பரில் இலங்கைத் தமிழரசுக் கட்சியைத் தொடங்கினார்கள்.

இங்கே இது இரண்டு தலைவர்களின் சண்டையாகத்தான் பேசப்படுகிறது. யார் துரோகி, யார் தீர்க்கதரிசி என்று பட்டிமன்றம் நடத்தலாம். வாக்கை இழந்த தோட்டத் தொழிலாளி அந்தப் பட்டிமன்றத்தில் ஒரு சாட்சியாகக்கூட வருவதில்லை. 1977, 1983 வன்முறைகளுக்குப் பிறகு மலையகத்திலிருந்து வன்னிக்கு வந்து குடியேறிய குடும்பங்கள் காடு வெட்டிய நிலத்துக்குப் பல்லாண்டுகள் உறுதி இல்லாமல் இருந்ததும், மலையகப் பிள்ளைகள் யாழ்ப்பாண வீடுகளில் வேலைக்கு நின்றதும் இதே வரலாற்றின் தொடர்ச்சி. எங்கள் வீட்டுப் பின்கட்டில் நடந்ததை ஆய்வுத் தலைப்பாக எடுக்க ஆள் இல்லை என்பதில் எனக்குக் கோபம் உண்டு.

நாடற்றவர் பிரச்சினை தீர்ந்துவிட்டதா?

இலங்கைக்குள் சட்ட அளவில் தீர்ந்துவிட்டது என்று சொல்லலாம். 1964 ஒக்டோபர் 30 அன்று கையெழுத்தான ஸ்ரீமா-சாஸ்திரி ஒப்பந்தம் 9,75,000 பேரை எண்ணிப் பிரித்தது: 5,25,000 பேர் இந்தியாவுக்கு, மூன்று இலட்சம் பேர் இலங்கைக்கு. மீதி ஒன்றரை இலட்சத்தை 1974இல் இரு நாடுகளும் பாதி பாதியாகப் பிரித்துக்கொண்டன. ஒரே குடும்பத்தின் அண்ணன் ஒரு பட்டியலிலும் தம்பி மறு பட்டியலிலும் விழுந்தார்கள். 2003ஆம் ஆண்டின் 35ஆம் இலக்கச் சட்டம்தான், 1964 ஒக்டோபர் 30 முதல் இலங்கையில் நிரந்தரமாக வாழ்ந்துவந்த இந்திய வம்சாவளியினருக்கும் அவர்கள் வழிவந்தோருக்கும் விண்ணப்பச் சிக்கல் இல்லாமல் பிரசாவுரிமை கொடுத்தது. முதல் சட்டத்திலிருந்து கணக்கிட்டால் ஐம்பத்தைந்து ஆண்டுகள்.

தமிழ்நாட்டு முகாமில் பிறந்த பிள்ளை எந்த நாட்டவர்?

இந்தக் கேள்வியோடு வருபவர்களுக்குப் பெரும்பாலும் மண்டபத்திலோ திருச்சி கொட்டப்பட்டிலோ ஓர் உறவினர் இருப்பார். பதில் பிறந்த தேதியைப் பொறுத்தது.

இந்தியக் குடியுரிமைச் சட்டத்தின்படி 1950 ஜனவரி 26க்கும் 1987 ஜூலை 1க்கும் இடையில் இந்திய மண்ணில் பிறந்தவர், பெற்றோர் யாராக இருந்தாலும், பிறப்பால் இந்தியக் குடிமகன். அதன் பிறகு பிறந்தவருக்குப் பெற்றோரில் ஒருவர் இந்தியராக இருக்க வேண்டும். 2004 டிசெம்பர் 3க்குப் பிறகு பிறந்தவருக்கு மற்றப் பெற்றோர் சட்டவிரோதமாகக் குடியேறியவராகவும் இருக்கக்கூடாது. 1986 ஏப்ரலில் மண்டபம் முகாமில் பிறந்த ஒரு பெண்ணுக்குக் கடவுச்சீட்டு வழங்கும்படி சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை 2022இல் உத்தரவிட்டது இந்த முதல் விதியை வைத்துத்தான். இரண்டாண்டு பிந்திப் பிறந்த தம்பிக்கு அந்த வழி இல்லை. படகில் கடவுச்சீட்டு இல்லாமல் வந்தவர்கள் எல்லோரும் சட்டத்தின் கண்ணில் சட்டவிரோதமாகக் குடியேறியவர்கள். எனவே பதிவின் மூலமோ, நீண்டகாலம் வாழ்ந்ததை வைத்துக் கேட்கும் இயல்புரிமை மூலமோ குடியுரிமை பெறும் கதவும் அவர்களுக்கு மூடியிருக்கிறது. 2019ஆம் ஆண்டுத் திருத்தம் பாகிஸ்தான், வங்காளதேசம், ஆப்கானிஸ்தான் ஆகிய மூன்று நாடுகளிலிருந்து வந்த குறிப்பிட்ட மதத்தவருக்கு அந்தக் கதவைத் திறந்தது. இலங்கை அந்தப் பட்டியலில் இல்லை.

முகாம்களுக்கு 2021இல் தமிழ்நாடு அரசு மறுவாழ்வு முகாம் என்று பெயர் மாற்றியது. நல்லது, வீடுகளும் கட்டிக்கொடுக்கிறார்கள். குடியுரிமை மத்திய அரசின் கையில்.

இலங்கைப் பக்கத்தில் வழி இருக்கிறது: பெற்றோர் இலங்கைப் பிரசைகளாக இருந்தால், பிள்ளையின் பிறப்பைச் சென்னையிலுள்ள துணை உயர் ஸ்தானிகராலயத்தின் மூலம் பதிவுசெய்து வம்சாவளிப் பிரசாவுரிமை பெறலாம். 1984இல் செல்வநாயகத்தின் மகன் எஸ்.சி. சந்திரஹாசன் தொடங்கிய ஈழ ஏதிலியர் மறுவாழ்வுக் கழகம் இந்தப் பதிவு வேலையில் நீண்டகாலம் உழைத்திருக்கிறது. பெற்றோரே 1964 ஒப்பந்தத்தின் கீழ் இந்தியாவுக்கென ஒதுக்கப்பட்டு, போகாமல் இருந்து, பிறகு கலவரத்தில் அகதியாகப் போனவர்களாக இருந்தால் சிக்கல் இரட்டிப்பு. ஒரு தலைமுறையின் கோப்பு முடிவதற்குள் அடுத்த தலைமுறை பிறந்துவிடுகிறது.

திரும்பி வருவதிலும் முள் இருக்கிறது. அனுமதிக்கப்பட்ட துறை அல்லாத இடத்திலிருந்து நாட்டை விட்டுப் போவது 1948ஆம் ஆண்டின் 20ஆம் இலக்கக் குடிவரவு குடியகல்வுச் சட்டத்தில் குற்றம். உயிருக்குப் பயந்து மன்னாரிலிருந்து படகேறியவருக்கும் அந்தப் பிரிவு பொருந்தும். 2025இல், பல்லாண்டுகளுக்குப் பிறகு தமிழ்நாட்டிலிருந்து பலாலி விமான நிலையத்தில் வந்திறங்கிய ஒரு முதியவர் அந்தக் காரணத்துக்காகக் கைதானபோது இங்கே பலருக்கு அதிர்ச்சி. சட்டம் எப்போதும் அங்கேதான் இருந்தது.

1995இன் பெரும் இடப்பெயர்வில் நாங்கள் எல்லோரும் அகதிகளாகத்தானே தென்மராட்சிக்குப் போனோம்?

அனுபவத்தில் ஆம், சட்டத்தில் இல்லை. 1951ஆம் ஆண்டு அகதிகள் சாசனம் நாட்டு எல்லையைக் கடந்தவருக்கு மட்டுமே. 1995 ஒக்டோபர் 30 இரவு மழையில் செம்மணி வெளியையும் நாவற்குழிப் பாலத்தையும் கடந்த இலட்சக்கணக்கானோர் எல்லை எதையும் கடக்கவில்லை. அவர்களுக்காக ஐக்கிய நாடுகள் 1998இல் வழிகாட்டிக் கொள்கைகளை வெளியிட்டது. பலவந்தமாக இடம்பெயர்க்கப்படாதிருக்கும் உரிமை, உதவி பெறும் உரிமை, திரும்பும் உரிமை என்று முப்பது கொள்கைகள். அவை ஒப்பந்தம் அல்ல, எனவே நீதிமன்றில் நேரடியாகத் தூக்கிக் காட்ட முடியாது. ஆனாலும் இராணுவத்திடமிருந்து காணி விடுவிப்பு பற்றி எழுதும் எவரும் அவற்றையும், 2016இல் அமைச்சரவை ஏற்ற நிரந்தரத் தீர்வுக்கான தேசியக் கொள்கையையும் பக்கத்தில் வைத்துக்கொள்ள வேண்டும்.

1990இல் முஸ்லிம்கள் வெளியேற்றப்பட்டதையும் இதே பாடத்தில் படிக்க வேண்டுமா?

கட்டாயம். 1990 ஒக்டோபரில் விடுதலைப் புலிகள் வடமாகாணத்தின் முஸ்லிம்கள் அனைவரையும் வெளியேற்றினார்கள். ஏறத்தாழ 75,000 பேர். யாழ்ப்பாண நகரில் கொடுக்கப்பட்ட அவகாசம் இரண்டு மணி நேரம். நகையையும் காணி உறுதியையும்கூடக் கொண்டுபோக விடவில்லை. பெரும்பாலானோர் புத்தளத்தில் முகாம்களில் ஒரு தலைமுறையைக் கழித்தார்கள்.

ஆய்வாளருக்கு இங்கே கடினமான ஒரு கேள்வி உண்டு. மனித உரிமைச் சட்டம் பெரும்பாலும் அரசைப் பார்த்துப் பேசுகிறது. ஊரை ஆள்வது அரசு அல்லாத ஓர் ஆயுத இயக்கமாக இருந்தால், மறுக்கப்பட்ட அந்த உரிமைக்கு யார் பொறுப்பு? அதற்குப் பிறகு வந்தது இன்னொரு சிக்கல். 2009க்குப் பிறகு திரும்பியவர்களைப் பல அலுவலகங்கள் பழைய இடம்பெயர்ந்தோர் என்று வகைப்படுத்தின. புதிதாக இடம்பெயர்ந்தவர்களுக்கே உதவியில் முன்னுரிமை கிடைத்தது. புத்தளத்தில் ஒரு கால், யாழ்ப்பாணத்துச் சோனகத் தெருவில் ஒரு கால் என வாழ்ந்த குடும்பங்களிடம், நீங்கள் உண்மையில் எங்கே வசிக்கிறீர்கள் என்று கிராம அலுவலர் கேட்டார். அந்தக் கேள்வியை டொரொண்டோவில் இருந்துகொண்டு நல்லூரில் வீடு வைத்திருப்பவரிடம் யாரும் கேட்பதில்லை.

வெளிநாட்டு நீதிமன்றங்களில் எங்கள் வழக்குகள் முக்கியமானவை என்கிறார்களே, உண்மையா?

உண்மை. உலகில் எங்கே அகதிச் சட்டம் கற்பித்தாலும் இலங்கைத் தமிழரின் வழக்குகள் பாடத்தில் வரும். பாடத்தை எழுதிய நாடுகளுக்கு இது பெருமை. எங்களுக்கு என்னவென்று சொல்லத் தெரியவில்லை.

அன்று பிரித்தானியாவின் அதியுயர் நீதிமன்றமாக இருந்த பிரபுக்கள் சபை தீர்ப்பளித்த சிவகுமாரன் வழக்கிலிருந்து தொடங்குங்கள். 1987இல் இலண்டனுக்கு வந்த சில தமிழ் இளைஞர்கள் பற்றியது. ஒருவரை அகதியாக ஏற்க 1951 சாசனம் கேட்கும் நியாயமான அச்சம் என்றால் என்ன? அச்சப்படுபவரின் மனம் சொல்வதா, வெளியிலிருந்து பார்க்கிற அதிகாரி சொல்வதா? சபை இரண்டாவதைப் பிடித்தது: துன்புறுத்தல் நிகழ நியாயமான அளவு வாய்ப்பு இருக்கிறதா என்று புறநிலையாகப் பார்க்க வேண்டும் என்றது. இளைஞர்களை 1988 பெப்ரவரியில் திருப்பி அனுப்பினார்கள். அவர்கள் இங்கிருந்தபடியே மேன்முறையீடு செய்ய, 1989இல் நடுவர் ஒருவர், இவர்கள் அகதிகள்தான், அனுப்பியது தவறு என்று கண்டறிந்தார். அந்த ஆண்டே இலண்டனுக்குத் திரும்பினார்கள். அதற்குப் பிறகும், அவர்களில் ஐந்து பேரின் விண்ணப்பத்தை வில்வராஜா வழக்கில் 1991 ஒக்டோபர் 30 அன்று விசாரித்து முடித்த ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம், சித்திரவதைக்கு எதிரான 3ஆம் உறுப்புரை மீறப்படவில்லை என்றது. அவர்களுக்கிருந்த ஆபத்து மற்றத் தமிழ் இளைஞர்களின் ஆபத்தைவிடக் கூடியதல்ல என்பது காரணம். ஆபத்து எல்லோருக்கும் பொதுவாக இருந்தால் அது ஒருவருக்கும் ஆபத்தல்ல என்பது போல ஒலிக்கிறது. இந்தத் தர்க்கத்தை உடைக்கப் பிந்திய வழக்குகள் பல ஆண்டுகள் எடுத்துக்கொண்டன. 2008இல் அதே நீதிமன்றம் இன்னொரு தமிழரின் வழக்கில், முன்பு கைதானது, உடலில் தழும்பு, குடும்பத்தில் ஒருவர் இயக்கத்தில் இருந்தது போன்ற காரணிகளைச் சேர்த்துப் பார்க்க வேண்டும் என்று அனுப்புவதைத் தடுத்தது. தழும்பு ஒரு சட்டக் காரணியாக ஆகிவிட்ட தீர்ப்பு அது.

கனடாவின் பக்கம் தனி வரலாறு. 1985இல் கனேடிய உச்ச நீதிமன்றம் சிங் வழக்கில், புகலிடம் கோருபவரை நேரில் கேட்காமல் நிராகரிக்கக்கூடாது என்றது. அடுத்த ஆண்டு ஓகஸ்டில் 155 தமிழர் உயிர்காப்புப் படகுகளில் நியூபவுண்ட்லாந்துக் கடலில் கண்டெடுக்கப்பட்டார்கள். 2009இல் ஓசன் லேடி என்ற கப்பல் 76 பேருடனும், 2010இல் சன் சீ என்ற கப்பல் 492 பேருடனும் மேற்குக் கரைக்கு வந்தன. கூட்டமாக வருவோரைத் தடுத்துவைக்க 2012இல் சட்டம் இறுக்கப்பட்டது. ஆனால் 2015இல் உச்ச நீதிமன்றம், சன் சீயின் எஞ்சின் அறையில் வேலை செய்தவரைப் போல, ஒன்றாகத் தப்பி வரும்போது ஒருவருக்கொருவர் உதவியவர்களை ஆட்கடத்தல்காரர் என்று விலக்க முடியாது என்றது. 2002இன் சுரேஷ் வழக்கும் இங்கேதான் சேரும். சித்திரவதைக்கு அனுப்புவது பொதுவாக அரசியலமைப்புக்கு முரண் என்றது. விதிவிலக்கான சூழ்நிலை என்ற சிறு இடைவெளியைத் திறந்தே விட்டது. அந்த இடைவெளியைப் பற்றி மட்டும் ஒரு கலாநிதி ஆய்வு எழுதலாம்.

அவுஸ்திரேலியாவையும் விடாதீர்கள். 2014இல் பாண்டிச்சேரியிலிருந்து புறப்பட்ட 157 தமிழரை நடுக்கடலில் மறித்து ஏறத்தாழ ஒரு மாதம் கப்பலிலேயே அடைத்துவைத்தது அந்த அரசு. உயர் நீதிமன்றம் 2015 ஜனவரியில் நான்குக்கு மூன்று என்ற பெரும்பான்மையில் அது சட்டப்படியானதே என்றது. மூன்று பேரின் மாறுபட்ட தீர்ப்புகளை வாசியுங்கள்.

கனடாவில் பிறந்த பேரப்பிள்ளைக்கு இலங்கைப் பிரசாவுரிமை உண்டா?

பிள்ளை பிறந்தபோது தாயோ தந்தையோ இலங்கைப் பிரசையாக இருந்தார்களா என்பதே கேள்வி. 2003 வரை தந்தைவழி மட்டுமே கணக்கில் எடுக்கப்பட்டது. அந்த ஆண்டுத் திருத்தம் தாயையும் சேர்த்தது. கனேடியக் குடியுரிமை எடுத்தவுடன் இலங்கைப் பிரசாவுரிமை போய்விடும், பிறகு இரட்டைப் பிரசாவுரிமைக்கு விண்ணப்பித்துத்தான் திரும்பப் பெற வேண்டும். அந்த வசதி 1987இல் வந்தது, 2011இல் நிறுத்தப்பட்டது, 2015இல் மீண்டும் தொடங்கியது. இரட்டைப் பிரசை நாடாளுமன்ற உறுப்பினராக 19ஆம் திருத்தம் தடை விதித்தது, 20ஆம் திருத்தம் தடையை நீக்கியது, 21ஆம் திருத்தம் திரும்பவும் விதித்தது. கொழும்பில் யார் யாரை ஒதுக்க விரும்பினார்கள் என்ற கதைக்குள் எங்கள் புலம்பெயர் உறவுகள் இடையில் அகப்பட்டவர்கள்.

தேசவழமை இந்தத் துறைக்குள் வருமா?

வரும். இங்கிருந்து மட்டுமே எழுதக்கூடிய ஆய்வும் இதுதான்.

ஒல்லாந்தர் 1707இல் தொகுத்த தேசவழமை, யாழ்ப்பாண மாகாணத்தில் வதியும் தமிழருக்கான சட்டம். அது ஓர் இனத்தின் வழக்கம் அல்ல, ஓர் இடத்தின் வழக்கம் என்று 1913இல் ஸ்பென்சர் எதிர் இராசரத்தினம் வழக்கு விளக்கியது. அப்படியானால் முப்பது ஆண்டுகளாக டொரொண்டோவின் ஸ்காபரோவில் வாழ்பவர் இன்னும் யாழ்ப்பாண வதிவாளரா? நிரந்தரமாகக் குடியமரும் எண்ணம் எங்கே இருக்கிறது என்று நீதிமன்றம் கேட்கும். கடவுச்சீட்டுக்கு வெளியே, ஊருக்குச் சொந்தமாயிருப்பது எது என்ற கேள்வியைச் சட்டம் நேரடியாகக் கேட்கும் அரிய இடம் இது.

1911ஆம் ஆண்டு யாழ்ப்பாணத் திருமண உரிமைகள், மரபுரிமைக் கட்டளைச் சட்டத்தின்படி, திருமணமான பெண் தன் அசையாச் சொத்தை விற்கவோ ஈடு வைக்கவோ கணவனின் எழுத்து மூலச் சம்மதம் வேண்டும். சீதனமாக வந்த காணிக்கும் அதுவே. கணவன் சுவிஸில் வேறு குடும்பத்தோடு இருக்கலாம், 2009இல் காணாமல் ஆக்கப்பட்டிருக்கலாம். அவள் மாவட்ட நீதிமன்றுக்குப் போய், சம்மதம் பெற முடியாத நிலையை நிரூபித்து அனுமதி வாங்க வேண்டும். காணாமல் போனோர் அலுவலகச் சட்டமும், காணாமற்போனமைச் சான்றிதழும் 2016இல் வந்தன. கணவன் இறந்துவிட்டான் என்ற பத்திரத்தை வாங்க மறுத்துத் தெருவில் போராடும் பெண்கள் இருக்கிறார்கள். அவர்களுடைய காணிக் கோப்புகள் என்ன ஆகின்றன என்று பார்ப்பது குடிபெயர்வு, குடியுரிமை, மனித உரிமை மூன்றும் ஒரே மேசையில் கூடும் வேலை.

இலங்கை அகதிகளை ஏற்க வேண்டிய கடமை உள்ள நாடா?

இலங்கை 1951 சாசனத்திலோ 1967 நெறிமுறையிலோ சேரவில்லை. நாடற்றோர் பற்றிய 1954, 1961 சாசனங்களிலும் இல்லை. இந்தியாவும் அகதிகள் சாசனத்தில் சேரவில்லை. ஆனால் ஆபத்துள்ள இடத்துக்கு ஒருவரைத் திருப்பி அனுப்பக்கூடாது என்ற கடமை சித்திரவதைக்கு எதிரான சாசனத்திலிருந்தும் வருகிறது. அதில் இலங்கை சேர்ந்திருக்கிறது.

2022 டிசெம்பரில் மியன்மாரின் ரோகிஞ்சா மக்கள் நூற்றுக்கு மேற்பட்டோரைக் கடற்படை வடக்குக் கடலில் மீட்டுக் காங்கேசன்துறைக்குக் கொண்டுவந்தது. 2024 டிசெம்பரில் இன்னொரு படகு முள்ளிவாய்க்கால் கரைக்கே வந்தது. உள்ளூர் மக்கள் சாப்பாடு கொண்டு ஓடினார்கள். சட்டத்தில் அவர்களுக்கு ஒரு பெயர் இல்லை.

யாழ்ப்பாணத்தில் மனித உரிமை ஆய்வுக்கு மரபு உண்டா?

உண்டு, விலை கொடுத்த மரபு. மனித உரிமைகளுக்கான பல்கலைக்கழக ஆசிரியர்கள் அமைப்பின் யாழ்ப்பாணக் கிளை 1988இல் உருவானது. இந்திய இராணுவம், அரசு, இயக்கங்கள் என்று ஒருவரையும் விடாமல் அவர்கள் பதிவுசெய்தார்கள். அவர்களில் ஒருவரான உடற்கூற்றியல் துறைத் தலைவர் ராஜினி திராணகம 1989 செப்டம்பர் 21 அன்று பல்கலைக்கழகத்திலிருந்து சைக்கிளில் வீடு திரும்பும்போது சுடப்பட்டார். அவர் இணைந்து எழுதிய ‘முறிந்த பனை’ அடுத்த ஆண்டு வெளிவந்தது. வாசித்துவிட்டுச் சண்டை பிடியுங்கள். வாசிக்காமல் சண்டை பிடிப்பவர்கள் போதுமான அளவு இருக்கிறார்கள்.

நேர்காணல் செய்யும்போது எதில் கவனம் வேண்டும்?

பெயரை மாற்றினால் போதும் என்று நினைக்காதீர்கள். கடற்கரைக் கிராமத்தில் இரண்டு மகன்களை இழந்த தையல் ஆசிரியை என்று எழுதினால் ஊரில் எல்லோருக்கும் ஆள் தெரியும். 1979ஆம் ஆண்டுப் பயங்கரவாதத் தடைச் சட்டம் உங்கள் குறிப்பேட்டையும் சும்மா விடும் என்று எதிர்பார்க்க வேண்டாம்.

புகலிட வழக்கு நடந்துகொண்டிருப்பவரிடம் இரட்டைக் கவனம். அங்கே அதிகாரிகள் முரண்பாட்டைத் தேடிப் பிடித்து நிராகரிப்பார்கள். அவர் உங்களிடம் ஏப்ரல் என்றார், விண்ணப்பத்தில் மே என்றிருந்தார் என்றால் உங்கள் கட்டுரை அவருக்கு எதிரான சாட்சியம். நினைவு அப்படித்தான் வேலை செய்யும் என்று உங்களுக்குத் தெரியும், தீர்ப்பாயத்துக்குத் தெரிந்திருக்க வேண்டியதில்லை.

காணாமல் ஆக்கப்பட்டோரின் தாய்மாரிடம் முதற்கட்ட ஆய்வுக்கென்று போகவே போகாதீர்கள். ஆணைக்குழு, பத்திரிகை, தூதரகம், மாணவர் என்று எத்தனையோ பேருக்கு அவர்கள் சொல்லிவிட்டார்கள். ஏற்கனவே பதிவானதை முழுதும் வாசித்து முடித்துவிட்டு, அதில் இல்லாத ஒரு கேள்வி உங்களிடம் இருந்தால் மட்டும் அம்மா என்று கூப்பிட்டுப் படியேறுங்கள்.

ஆவணங்கள் எங்கே கிடைக்கும்?

1981இல் யாழ்ப்பாணப் பொதுநூலகத்தோடு எரிந்தவை திரும்பாது. எஞ்சிய பழைய பத்திரிகைகள், துண்டுப் பிரசுரங்கள், ஊர் மலர்கள் பலவற்றை 2005இல் தொடங்கிய ‘நூலகம்’ என்ற எண்ணிம நூலகத்தில் வீட்டிலிருந்தே பார்க்கலாம். மேலே சொன்ன தீர்ப்புகள் பெரும்பாலும் இணையத்தில் இலவசம், ஆங்கிலத்தில். ஆங்கிலம் தட்டுத்தடுமாறினாலும் தீர்ப்பை நேரே வாசியுங்கள். நீதிபதிகள் பேராசிரியர்களைவிடத் தெளிவாக எழுதுகிறார்கள். அதோடு உங்கள் வீட்டு அலுமாரியில் மலாயா மணியோடர் துண்டோ, பழைய கடவுச்சீட்டோ, பாஸ் அனுமதித் துண்டோ இருந்தால் கறையானுக்குக் கொடுக்காதீர்கள்.

இதைப் படித்தால் வேலை கிடைக்குமா?

அரச சார்பற்ற நிறுவனங்களில் திட்டம் நடக்கும் வரை கிடைக்கும். சட்டத்தரணியாகவோ ஆசிரியராகவோ இருந்துகொண்டு படிப்பது பாதுகாப்பானது.

எனக்குப் படிக்க விருப்பமில்லை, வெளிநாடு போகத்தான் வழி வேண்டும். உதவுவீர்களா?

மாட்டேன். ஏஜென்சிக்காரருக்குக் காசு கட்டுவதற்கு முன், வேலைக்குப் போவதென்றால் அந்த முகவருக்கு வெளிநாட்டு வேலைவாய்ப்புப் பணியகத்தின் அனுமதிப்பத்திரம் இருக்கிறதா, இன்னும் காலாவதியாகவில்லையா என்று பாருங்கள். கடவுச்சீட்டின் மூலப் பிரதியை யாரிடமும் விட்டுவைக்காதீர்கள். காணி உறுதியையும்தான்.